தொடங்கியதை நிறைவுறக் கண்டவர்
கட்டடக்கலை மேதை கிறிஸ்டோபர் ரென்

பெரிய கட்டடத்தைக் கண்டு வியப்போர் பலர். அதைக் கட்டியவர் யார் என்று கேட்போர் சிலர். அவர் அதைக் கட்டி முடிக்க என்ன பாடுபட்டார் என்று எண்ணிப் பார்ப்போர் மிகச் சிலரே. கல்லும் சுண்ணாம்பும் நம் கண்ணுக்குத் தெரிகின்றன. அவற்றின் பின்னே நின்ற மனத்தின் உறுதி தெரிவதில்லை. அந்த உறுதியை அறிந்துகொள்வதற்கே பெரியோர் வாழ்க்கை வரலாறுகளைப் படிக்கிறோம்.

உலகின் பெருங்கோயில்களுள் பல, ஒரு தலைமுறையில் தொடங்கி வேறொரு தலைமுறையில் முடிந்தவை. உரோமாபுரியின் புனித பேதுரு பேராலயத்தை 1506இல் தொடங்கி 1626இல் நிறைவு செய்தனர். இடைப்பட்ட 120 ஆண்டுகளில் கட்டடக் கலைஞர் பலர் மாறினர். தொடங்கியவர் முடிவைக் காணவில்லை. முடித்தவர் தொடக்கத்தைக் காணவில்லை. இலண்டன் மாநகரின் புனித பவுல் பேராலயத்தின் வரலாறு வேறு. அதற்கு வரைபடம் வரைந்தவரே கடைக்கால் தோண்டினார், சுவர் எழுப்பினார், உச்சிக் கல் ஏறிய நாளையும் உயிரோடிருந்து கண்டார். அவரே சர் கிறிஸ்டோபர் ரென். அவர் கட்டடக்கலையை முறையாகப் பயின்றவர் அல்லர் என்பதும், முப்பது வயது வரை வானநூலாராகவே வாழ்ந்தவர் என்பதும் அவ்வரலாற்றின் வியப்பை மேலும் மிகுவிக்கின்றன.

பிறப்பும் இளமையும்

இங்கிலாந்தின் வில்ட்சயர் மாவட்டத்தில் ஈஸ்ட் நாயில் என்னும் சிற்றூரில் 1632ஆம் ஆண்டு அக்டோபர் 20ஆம் நாள் ரென் பிறந்தார். தந்தையார் பெயரும் கிறிஸ்டோபர் ரென் என்பதே. அவர் அவ்வூர்த் தேவாலயத்தின் குரு. பின்னர் வின்சர் அரண்மனைத் தேவாலயத்தின் தலைமைக் குருவாக உயர்ந்தவர். மகன் சிறுவனாக இருந்தபோதே தாயார் மறைந்தார். தமக்கை சூசனின் அரவணைப்பில் அவர் வளர்ந்தார்.

குடும்பம் செழித்திருந்த வேளையில் நாட்டில் உள்நாட்டுப் போர் மூண்டது. மன்னர் சார்பினர் என்ற காரணத்தால் ரென் குடும்பத்தினர் பெருந்துன்பத்திற்கு ஆளாயினர். வின்சரில் இருந்த அவர்கள் இல்லம் சூறையாடப்பட்டது. ஈலி நகர ஆயராக விளங்கிய பெரிய தந்தையார் மேத்யூ ரென் இலண்டன் கோட்டைச் சிறையில் ஏறத்தாழப் பதினெட்டு ஆண்டுகள் அடைபட்டுக் கிடந்தார். இருந்த வீட்டை இழந்த குடும்பம், சூசனின் கணவர் வில்லியம் ஹோல்டர் குருவாக இருந்த பிளெட்சிங்டன் என்னும் ஊரில் அடைக்கலம் புகுந்தது.

அங்கேதான் சிறுவனுக்கு நல்லூழ் வாய்த்தது. ஹோல்டர் கணித வல்லுநர். மைத்துனனுக்கு அவரே முதல் கணித ஆசான் ஆனார். வெளியே போர் நடக்க, உள்ளே ஒரு சிறுவன் நிழற்கடிகாரம் செய்து கதிரவனின் போக்கை அளந்துகொண்டிருந்தான். உடலால் மெலிந்தவன், உயரத்தாலும் குறைந்தவன், ஆனால் கைத்திறனும் கற்பனையும் மிக்கவன். பதினைந்து வயதளவில் சார்லசு ஸ்கார்பரோ என்னும் புகழ்பெற்ற மருத்துவருக்குத் துணையாய் இருந்து, உடலின் தசைகள் இயங்கும் முறையை மாணவர்க்கு விளக்க அட்டையால் உருமாதிரிகள் செய்து கொடுத்தான். கருத்தை உருவாக்கிக் காட்டும் அந்தக் கைப்பழக்கம் பின்னாளில் பேருதவி புரிந்தது.

வானத்தை அளந்தவர்

ஆக்சுபோர்டின் வாதம் கல்லூரியில் சேர்ந்து 1651இல் இளங்கலைப் பட்டமும் 1653இல் முதுகலைப் பட்டமும் பெற்றார். அக்கல்லூரியின் தலைவர் ஜான் வில்கின்சு, இயற்கையைச் சோதித்தறியும் புதிய அறிவியலில் ஆர்வமுடையோரைத் தம்மைச் சுற்றித் திரட்டியிருந்தார். அக்குழுவில் இளைஞர் ரென் ஒளிவிட்டார். நிலவின் மேடு பள்ளங்களைக் காட்டும் உருண்டையொன்று செய்து மன்னருக்கு அளித்தார். மருத்துவர் தாமசு வில்லிசு 1664இல் வெளியிட்ட மூளை பற்றிய புகழ்மிக்க நூலுக்குப் படங்கள் வரைந்தார். உருளும் சக்கரத்தின் விளிம்பிலுள்ள ஒரு புள்ளி வரையும் வளைகோட்டின் நீளத்தைக் கணித்துக் காட்டினார்.

இருபத்தைந்து வயது நிரம்பும் முன்னரே, 1657இல் இலண்டன் கிரெசம் கல்லூரியின் வானியல் பேராசிரியர் ஆனார். 1661இல் ஆக்சுபோர்டின் வானியல் பேராசிரியர் பதவி அவரை நாடி வந்தது. 1660 நவம்பர் 28ஆம் நாள் கிரெசம் கல்லூரியில் அவர் நிகழ்த்திய சொற்பொழிவு முடிந்தபின் கூடிப் பேசிய அறிஞர்கள் ஒரு கழகம் அமைக்க முடிவு செய்தனர். இன்றளவும் உலகப் புகழுடன் விளங்கும் அரசக் கழகம் அன்றுதான் பிறந்தது. பின்னாளில் ரென் அதன் தலைவராகவும் வீற்றிருந்தார்.

மற்றுமொரு செய்தியும் குறிப்பிடத்தக்கது. 1684ஆம் ஆண்டின் தொடக்கத்தில் ரென், இராபர்ட் ஊக், எட்மண்ட் ஹாலி ஆகிய மூவரும் கோள்களின் இயக்கம் குறித்து உரையாடினர். கோள்கள் நீள்வட்டத்தில் சுழல்வதற்கான காரணத்தைக் கணித முறையில் நிறுவுவோருக்கு நாற்பது சில்லிங் மதிப்புள்ள நூல் ஒன்றைப் பரிசளிப்பதாக ரென் அறிவித்தார். விடை தேடிய ஹாலி, கேம்பிரிட்சில் இருந்த நியூட்டனிடம் சென்றார். நியூட்டனின் பெருநூல் பிறப்பதற்கு அச்சந்திப்பே தூண்டுகோலாயிற்று. அந்நூலில் தம் காலத்தின் தலைசிறந்த வடிவகணித அறிஞர் மூவருள் ஒருவராக ரென்னை நியூட்டன் சுட்டியுள்ளார். கட்டடம் ஒன்றும் கட்டாமல் இருந்திருந்தாலும் அறிவியல் வரலாற்றில் ரென்னின் பெயர் நின்றிருக்கும்.

கட்டடக்கலையின் வாயில்

அக்காலத்தில் கட்டடக்கலை தனித் தொழிற்கல்வியாக இங்கிலாந்தில் வேரூன்றவில்லை. கணிதமும் வரைதிறனும் உள்ள அறிஞரிடம் கட்டடப் பணியை ஒப்படைப்பது வழக்கம். சிறைமீண்ட பெரிய தந்தையார் மேத்யூ, கேம்பிரிட்சின் பெம்புரோக் கல்லூரிக்கு ஒரு சிற்றாலயம் கட்டித்தர விரும்பி, அப்பணியை ரென்னிடம் அளித்தார். அடுத்து ஆக்சுபோர்டில் செல்டோனியன் அரங்கம் கட்டும் வாய்ப்புக் கிடைத்தது. பட்டமளிப்பு விழாக்களுக்குரிய அவ்வரங்கின் கூரை, எழுபது அடி அகலத்தை நடுவில் தூண் ஒன்றும் இன்றித் தாண்ட வேண்டும். அவ்வளவு நீளமான ஒற்றை மரம் கிடைத்தற்கரியது. சிறு மரங்களை முறையாகப் பிணைத்துச் சட்டகமாக்கி ரென் அக்கூரையைத் தாங்கச் செய்தார். அப்பணி 1664இல் தொடங்கி 1669இல் நிறைவுற்றது.

1665இல் பாரிசு நகருக்குச் சென்றார். அவர் வாழ்நாளில் மேற்கொண்ட ஒரே அயல்நாட்டுப் பயணம் அதுவே. இலூவர் அரண்மனைக்கென வந்திருந்த இத்தாலியப் பெருங்கலைஞர் பெர்னினியை அங்குக் கண்டார். பெர்னினி தம் வரைபடத்தைச் சில நிமிடங்களே காட்டினார். அந்தச் சில நிமிடங்களை ரென் வாழ்நாளெல்லாம் மறக்கவில்லை. இலண்டனில் அதுவரை ஒருவரும் கட்டியிராத குவிமாடங்களைப் பாரிசில் கண்ணாரக் கண்டு திரும்பினார்.

பெருந்தீ

இலண்டனின் பழைய பவுல் பேராலயம் அப்போது சிதைந்த நிலையில் இருந்தது. அதன் கூர்ங்கோபுரம் 1561இல் இடி விழுந்து அழிந்திருந்தது. உள்நாட்டுப் போர்க்காலத்தில் குதிரைப்படையினர் அதனுள் தங்கினர். அதைச் செப்பனிடும் வழியை ஆராய்ந்த ரென், நடுப்பகுதியின்மேல் குவிமாடம் எழுப்பலாம் என 1666 மே மாதத்தில் அறிக்கை அளித்தார். ஆகஸ்ட் 27ஆம் நாள் பொறுப்பாளர்களுடன் சென்று கட்டடத்தைப் பார்வையிட்டுக் கலந்து பேசினார்.

ஆறு நாள் கடந்தது. செப்டம்பர் 2ஆம் நாள் விடியுமுன், புட்டிங் சந்திலிருந்த ஓர் அடுமனையில் தீப்பற்றியது. காற்று வீசியது, மர வீடுகள் நெருங்கி நின்றன, நான்கு நாளில் நகரின் உட்பகுதி சாம்பலாயிற்று. ஏறத்தாழ 13,200 வீடுகளும் 87 ஆலயங்களும் அழிந்தன. செப்பனிடுவதற்காகப் பேராலயத்தைச் சுற்றிக் கட்டியிருந்த மரச் சாரமே தீக்கு ஏணியாயிற்று. கூரையின் ஈயம் உருகித் தெருவில் ஓடியது. பாதுகாப்பு எனக் கருதிப் புத்தக வணிகர்கள் நிலவறையில் அடுக்கியிருந்த நூல்கள் யாவும் எரிந்தன.

தீ அடங்கிய சில நாட்களிலேயே, செப்டம்பர் 11ஆம் நாள், புதிய நகருக்கான திட்ட வரைபடத்தை ரென் மன்னரிடம் அளித்தார். நேரிய அகன்ற சாலைகள், திறந்த வெளிகள், ஆற்றங்கரைத் துறைகள் எனச் சீருடன் அமைந்த திட்டம் அது. எனினும் அது ஏட்டளவில் நின்றது. வீடிழந்தோர் தத்தம் மனையை விட்டுக்கொடுக்க ஒப்பவில்லை, நிலத்தை வாங்கப் பணமும் இல்லை, குளிர்காலம் நெருங்கியது. பழைய தெருக்களின் வழியே புதிய நகரம் எழுந்தது. தெருக்களைச் சற்று அகலப்படுத்தியதும், வீடுகளைச் செங்கல்லாலோ கருங்கல்லாலோதான் கட்ட வேண்டும் எனச் சட்டம் இயற்றியதும் மட்டுமே நிகழ்ந்தன. தம் திட்டம் மறுக்கப்பட்டதற்காக ரென் ஒதுங்கிவிடவில்லை. நகரை மீண்டும் அமைக்கும் குழுவில் உறுப்பினராகி, கிடைத்த வாய்ப்பில் செய்யக்கூடியதைச் செய்தார். 1669இல் அரசரின் கட்டடப் பணிகளுக்குத் தலைமை மேற்பார்வையாளர் ஆனார். 1673இல் சர் பட்டம் பெற்றார்.

மறுக்கப்பட்ட மாதிரி

எரிந்த பேராலயத்தின் மேற்குப் பகுதியை மட்டும் ஒட்டுப்போட்டுப் பயன்படுத்தலாம் எனச் சிலர் முயன்றனர். 1668இல் அப்பகுதியும் சரிந்தது. பழையதை முற்றும் அகற்றிப் புதிதாகக் கட்டுவதே வழி என்று அதன்பின் அனைவரும் உணர்ந்தனர்.

இடிப்பதே பெரும்பாடாயிற்று. தீயில் கருகிய பாறைச் சுவர்களை வெடிமருந்து வைத்துத் தகர்த்தனர். ரென் நேரில் நின்று அளந்து வைத்த முதல் வெடி முறையாக வேலை செய்தது. உதவியாளர் ஒருவர் மருந்தை மிகுதியாக இட்ட அடுத்த வெடியில், கல் பறந்து சென்று அண்டை வீட்டில் பெண்கள் வேலை செய்துகொண்டிருந்த அறைக்குள் விழுந்தது. நல்வேளையாக ஒருவருக்கும் ஊறு நேரவில்லை. அதன்பின் வெடி கூடாது எனத் தடை வந்தது. பழங்காலக் கோட்டைப் போர்முறையை எண்ணிப் பார்த்த ரென், நாற்பது அடி நீள மரத்தின் முனையில் இரும்பு பொருத்தித் தொங்கவிட்டு, முப்பது ஆட்களைக் கொண்டு சுவரை இடிக்கச் செய்தார். முதல் நாள் முழுதும் இடித்தும் சுவர் அசையவில்லை. கூலியாட்கள் ஏளனம் செய்தனர். கண்ணுக்குத் தெரியாவிடினும் சுவரின் உள்ளே அதிர்வு வேலை செய்கிறது என்பதை அறிந்த அவர் நிறுத்தவில்லை. இரண்டாம் நாள் சுவர் வீழ்ந்தது.

இதற்கிடையில் புதிய ஆலயத்திற்குப் பல வரைபடங்கள் வரைந்தார். அவர் நெஞ்சுக்கு மிக நெருக்கமானதை 1673, 1674ஆம் ஆண்டுகளில் ஓக் மரத்தில் உருமாதிரியாகச் செய்வித்தார். ஆறு மீட்டருக்கு மேற்பட்ட நீளமுடைய அம்மாதிரிக்கு ஏறத்தாழ 600 பவுன் செலவாயிற்று. அத்தொகைக்கு அக்கால இலண்டனில் நல்ல வீடொன்றே வாங்கியிருக்கலாம். குருமார் அதை ஏற்கவில்லை. நாம் வழிவழியாகக் கண்ட ஆலயத்தின் அமைப்பு இதில் இல்லை என்றனர். பணம் வரவரப் பகுதி பகுதியாகக் கட்டுவதற்கு ஏற்றதாகவும் அது இல்லை. மறுப்பைக் கேட்ட ரென் கண்ணீர் வடித்தார் என்பர். அன்று முதல் உருமாதிரி செய்து பலர் கருத்துக்கு விடுவதில்லை என்று உறுதிகொண்டார். அம்மாதிரி இன்றும் பேராலயத்தில் உள்ளது.

குருமாரின் விருப்பத்திற்கு இணங்க மற்றொரு வரைபடம் அளித்தார். அதற்கு 1675 மே மாதத்தில் மன்னரின் ஆணை கிடைத்தது. கட்டும்போது வேண்டிய மாற்றங்களைச் செய்துகொள்ளும் உரிமையும் அவருக்கு வழங்கப்பட்டது. அவ்வுரிமையை ரென் நன்கு பயன்படுத்தினார். ஒப்புதல் பெற்ற படத்தில் குவிமாடத்தின்மேல் ஒரு கூர்ங்கோபுரம் பொருந்தாமல் நின்றது. கட்டி முடித்தபோது அது காணப்படவில்லை. எதிர்த்து வாதிட்டு வெல்ல முடியாததை, பணியைத் தொடங்கி, பொறுமையால் வென்றார்.

கடைக்காலும் குவிமாடமும்

1675 ஜூன் 21ஆம் நாள் முதற்கல் நாட்டப்பட்டது. குவிமாடத்தின் நடுப்புள்ளியைக் குறிக்கும்போது நிகழ்ந்த ஒன்றைப் பலரும் வியந்து கூறுவர். அடையாளத்திற்கு ஒரு கல் கொண்டுவருமாறு ரென் ஆளை ஏவினார். அவன் இடிபாட்டுக் குவியலிலிருந்து எடுத்து வந்தது பழைய கல்லறைக் கல்லின் துண்டு. அதில் எஞ்சியிருந்தது, மீண்டும் எழுவேன் எனப் பொருள்படும் ஒற்றை இலத்தீன் சொல். அச்சொல்லைப் பின்னர்த் தெற்கு வாயிலின்மேல், சாம்பலிலிருந்து உயிர்த்தெழும் பறவையின் உருவத்துடன் செதுக்கச் செய்தார்.

வடகிழக்கு மூலையில் கடைக்கால் தோண்டியபோது ஒரு பழைய குழி எதிர்ப்பட்டது. முற்காலக் குயவர்கள் மண்ணெடுத்து, பின் குப்பையால் நிரப்பிய குழி அது. அதன்மேல் சுவர் வைத்தால் ஒரு நாள் அமிழும். மேலாகக் கட்டைகளை அறைந்து சரிசெய்யலாம் என்றனர் சிலர். கட்டை மக்கும், கட்டடமோ காலமெல்லாம் நிற்க வேண்டும் என்பது ரென்னின் எண்ணம். ஏறத்தாழ நாற்பது அடி ஆழம் வரை தோண்டி, உறுதியான நிலத்திலிருந்து கல்தூண் எழுப்பி, அதிலிருந்து வளைவு கட்டிக் கடைக்காலை இணைத்தார். எவர் கண்ணுக்கும் தென்படாத இடத்தில் செய்த அவ்வேலை அவரது நேர்மைக்குச் சான்று.

குவிமாடமோ அவர் கணித அறிவின் கொடுமுடி. தொலைவிலிருந்து நகர் முழுதும் காண உயரமாக இருக்க வேண்டும். உள்ளே நின்று நிமிர்ந்து பார்ப்பவருக்கோ அவ்வளவு உயரம் ஆழ்கிணறு போல் தோன்றும். இரண்டையும் ஒரே மாடத்தால் நிறைவேற்ற இயலாது. எனவே மூன்று அடுக்குகள் அமைத்தார். உள்ளே காண்பது ஒரு செங்கல் மாடம். வெளியே காண்பது மரச்சட்டத்தின்மேல் ஈயத் தகடு வேய்ந்த மற்றொரு மாடம். இரண்டுக்கும் இடையே, யார் கண்ணுக்கும் தெரியாமல், கூம்பு வடிவில் ஒரு செங்கற்சுவர் எழுகிறது. அதன் கனம் 18 அங்குலமே. உச்சியிலுள்ள ஏறத்தாழ 850 டன் எடையுள்ள கல்விளக்கு மாடத்தைத் தாங்குவது அந்த மெல்லிய கூம்பே. இரு முனைகளைப் பற்றித் தொங்கவிட்ட சங்கிலி தானாகக் கொள்ளும் வளைவைத் தலைகீழாக்கினால், அதுவே சுமை தாங்குவதற்கு ஏற்ற வளைவாகும் என்னும் உண்மையை அவர் நண்பர் ஊக் கண்டறிந்திருந்தார். அவ்வறிவு இங்குப் பயன்பட்டது. கூம்பின் அடி அகன்று விரியாதபடி இரும்புச் சங்கிலியால் சுற்றிக் கட்டினர். நிலத்திலிருந்து உச்சிச் சிலுவை வரை உயரம் 365 அடி.

வீட்டில் இருள், வெளியில் ஐயம்

இவ்வளவு பெரும்பணி புரிந்தவரின் இல்லத்தில் அமைதி நிலைக்கவில்லை. 1669இல் ஃபெய்த் என்னும் மங்கையை மணந்தார். முதல் குழந்தை கைக்குழந்தைப் பருவத்தைத் தாண்டியவுடன் இறந்தது. இரண்டாம் மகன் கிறிஸ்டோபர் பிறந்த 1675ஆம் ஆண்டிலேயே, பேராலயத்துக்குக் கல் நாட்டிய சில மாதங்களில், ஃபெய்த் அம்மையார் அம்மை நோயால் மறைந்தார். 1677இல் ஜேன் என்பவரை மணந்தார். மூன்று ஆண்டுகளில் அவரும் மறைந்தார். அதன்பின் ரென் மறுமணம் செய்துகொள்ளவில்லை. இளைய மகன் வில்லியம் அறிவு வளர்ச்சி குன்றியவர். இசையில் வல்லவளும் தந்தைக்கு உற்ற துணையுமாய் இருந்த ஒரே மகள் ஜேன் 1702இல் தம் இருபத்தாறாம் வயதளவில் இறந்தாள். தாம் கட்டிக்கொண்டிருந்த பேராலயத்தின் நிலவறையிலேயே மகளை அடக்கம் செய்தார் அத்தந்தை.

வெளியிலும் துன்பம் சூழ்ந்தது. 1689இல் ஹாம்டன் அரண்மனைப் புதுக்கட்டடத்தின் ஒரு பகுதி சரிந்து தொழிலாளர் இருவர் உயிரிழந்தனர். விசாரணை நடந்தது, உடன் பணிபுரிந்தோரே குறைகூறினர். பேராலயப் பணியோ இலண்டனுக்கு வரும் நிலக்கரியின்மீது விதித்த வரிப்பணத்தால் நடந்தது. வரி வந்தால் வேலை, வராவிடில் நிறுத்தம். போர்ட்லாந்து தீவிலிருந்து கல் கடல்வழி வர வேண்டும். ஆண்டுகள் இருபது கடந்தும் பணி முடியவில்லை என்று நாடாளுமன்றத்தில் முணுமுணுத்தனர். சம்பளத்திற்காகவே அவர் காலம் கடத்துகிறார் என்ற ஐயமும் எழுந்தது. அச்சம்பளம் ஆண்டுக்கு 200 பவுன். 1697இல் ஒரு சட்டம் இயற்றி, பணி நிறைவுறும் வரை அதில் பாதியை நிறுத்தி வைத்தனர். பொதுக் கட்டடப் பணியில் ஈடுபட்டோர்க்கு அவ்வையம் தரும் வலி தெரியும். ரென் பதவியைத் துறக்கவில்லை. பாதிச் சம்பளத்தில் பதினான்கு ஆண்டுகள் உழைத்தார். முதுமையிலும் கூடையில் அமர்ந்து கயிற்றால் மேலே ஏறிச்சென்று வேலையைப் பார்வையிட்டார்.

அதே 1697ஆம் ஆண்டு டிசம்பர் 2ஆம் நாள் ஆலயத்தின் கிழக்குப் பகுதியில் முதல் வழிபாடு நடந்தது. 1708இல் உச்சிக் கல் ஏற்றப்பட்டது. எழுபத்தாறு வயதுத் தந்தையின் சார்பில் அக்கல்லை வைத்தவர் மகன் கிறிஸ்டோபர். தாயை இழந்து, பேராலயத்தோடு ஒரே ஆண்டில் வாழ்வைத் தொடங்கிய அம்மகனுக்கு அப்போது வயது முப்பத்து மூன்று. 1711இல் கட்டடம் நிறைவுற்றதாக நாடாளுமன்றம் அறிவித்தது. முதியவர் விண்ணப்பித்தபின் நிலுவைச் சம்பளமும் வந்து சேர்ந்தது.

பிற பணிகள்

பேராலயம் ஒன்றே அவர் சாதனை என எண்ணிவிடலாகாது. தீயில் அழிந்த ஆலயங்களுள் ஐம்பதுக்கு மேற்பட்டவை அவர் தலைமையில் மீண்டும் எழுந்தன. குறுகிய, கோணலான மனைகளில், ஒன்றைப்போல் மற்றொன்று இராதபடி அவை அமைந்தன. இவற்றில் ஊக்கின் பங்கும், பின்னாளில் மாணவர் ஆக்சுமோரின் பங்கும் பெரிது. பெருந்தீயின் நினைவாக ரென்னும் ஊக்கும் எழுப்பிய தூண் 202 அடி உயரமுடையது. தீ தொடங்கிய அடுமனைக்கும் அத்தூணுக்கும் இடையேயுள்ள தொலைவும் 202 அடியே.

கிரீனிச்சில் வானாய்வுக் கூடம் கட்ட அரசு ஒதுக்கியது சிறுதொகை. கெட்டுப்போன வெடிமருந்தை விற்று அதைத் திரட்டினர். பழைய கட்டடங்களின் கல்லையும் மரத்தையும் பயன்படுத்தி 520 பவுன் செலவில் ரென் அதை முடித்தார். கேம்பிரிட்சு டிரினிட்டி கல்லூரி நூலகத்துக்கு ஊதியம் பெறாமல் வரைபடம் அளித்தார். அங்கே சாளரங்களை உயரத்தில் வைத்து, அவற்றின்கீழ் நூற்பேழைகளை அமைத்தார். ஒளியும் குறையவில்லை, நூல்களுக்கு இடமும் குறையவில்லை. முதிய படைவீரர்களுக்குச் செல்சியில் இல்லம் கட்டினார். முதிய கடற்படை வீரர்களுக்குக் கிரீனிச்சில் எழுந்த இல்லத்திற்கும் அவர் ஊதியம் பெறவில்லை. அங்கே பின்னால் இருந்த அரசி மாளிகையிலிருந்து ஆற்றைக் காணும் காட்சி மறையக்கூடாது என்ற நிபந்தனை வந்தது. கட்டடத்தை இரு கூறாகப் பிரித்து நடுவில் வெளிவிட்டார். தடையே அக்கட்டடத்தின் அழகாயிற்று.

இறுதி நாட்கள்

நன்றி எப்போதும் உரிய காலத்தில் வருவதில்லை. பேராலயத்தின் குவிமாட உட்புறத்தை எவ்வாறு அழகு செய்வது என்பதிலும், சுற்றுவேலியிலும், மேற்சுவரின் கைப்பிடி வரிசையிலும் அவர் கருத்தைப் பொறுப்பாளர்கள் புறக்கணித்தனர். 1718இல், எண்பத்தைந்து வயதைக் கடந்தவரை, ஏறத்தாழ ஐம்பது ஆண்டுகள் வகித்த தலைமை மேற்பார்வையாளர் பதவியிலிருந்து நீக்கினர். அரசியல் செல்வாக்கால் அவ்விடத்தைப் பெற்ற வில்லியம் பென்சன், பிரபுக்கள் அவைக் கட்டடம் இடிந்துவிழும் நிலையில் உள்ளதெனத் தவறான அறிக்கை அளித்து, ஈராண்டு முடியுமுன்னரே வெளியேற்றப்பட்டார்.

ரென் யாரையும் தூற்றவில்லை. ஹாம்டன் அரண்மனை அருகிலிருந்த இல்லத்தில் படிப்பிலும் சிந்தனையிலும் நாட்களைக் கழித்தார். ஆண்டுக்கு ஒரு முறை இலண்டன் வந்து, தாம் எழுப்பிய குவிமாடத்தின்கீழ்ச் சிறிது நேரம் அமைதியாக அமர்ந்திருப்பார் என்பர். 1723 பிப்ரவரி 25ஆம் நாள், உணவுக்குப்பின் நாற்காலியில் அமர்ந்தபடியே உயிர் நீத்தார். அப்போது அவருக்கு வயது தொண்ணூறு.

மகள் துயிலும் அதே நிலவறையில் அவரையும் அடக்கம் செய்தனர். மேலே எழுப்பிய சிற்பமோ மணிமண்டபமோ இல்லை. எளிய கருங்கற்பலகை ஒன்றே உண்டு. அருகிலுள்ள சுவரில் மகன் எழுதுவித்த இலத்தீன் வாசகம் இருக்கிறது. இவருடைய நினைவுச் சின்னத்தைக் காண விரும்புவோர் சுற்றிலும் பார்த்தால் போதும் என்பது அதன் கருத்து.

1940 டிசம்பர் 29ஆம் நாள் இரவு இலண்டன்மீது எரிகுண்டுகள் மழையாய்ப் பொழிந்தன. ரென் எழுப்பிய சிற்றாலயங்கள் பல அன்று எரிந்தன. பேராலயத்தின் குவிமாடத்தில் ஓர் எரிகுண்டு தைத்து ஈயத்தை உருக்கத் தொடங்கியது. இரவு பகலாகக் காவல் காத்த தொண்டர்கள், கட்டடத்தின் ஒவ்வொரு படியையும் வழியையும் அறிந்தவர்கள். அவர்களுள் கட்டடக் கலைஞர் பலரும் இருந்தனர். நல்வேளையாகக் குண்டு வெளிப்புறமாகச் சரிந்து விழ, அவர்கள் அதை அணைத்தனர். சூழவும் நகரம் எரிய, புகையின் நடுவே அக்குவிமாடம் நின்றது.

வரைந்த படம் மறுக்கப்பட்டபோது மற்றொன்று வரைந்தவர். சம்பளம் பாதியானபோதும் வேலையைப் பாதியாக்காதவர். எவரும் காணாத ஆழத்தில் கடைக்காலைச் சரிசெய்தவர் ரென். பொதுப்பணியில் ஈடுபடும் நம் இளைஞர்கள் மனத்திற்கொள்ள வேண்டியவை இம்மூன்றுமே. திட்டம் தீட்டும் அறிவு பலரிடம் உண்டு. ஐயமும் ஏளனமும் சூழும் ஆண்டுகளில் தளராமல் நின்று தொடங்கியதை முடிப்பவர்களாலேயே ஊரும் உலகும் பயன் பெறுகின்றன.